மா ஒட்டுக்கட்டுதல்: கொட்டை ஊன்றுவது முதல் கன்று நடுவது வரை

வீட்டில் அருமையான மாமரம் ஒன்று நிற்கிறது, அதே பழம் தரும் இன்னொரு மரம் வேண்டும் என்றால் அதன் கொட்டையை ஊன்றிப் பயனில்லை. இமாம் பசந்த் கொட்டையிலிருந்து இமாம் பசந்த் வராது. நம் ஊர் மா ரகங்களில் பெரும்பாலானவற்றின் கொட்டைக்குள் இருப்பது ஒற்றைக் கரு. பூவில் நடந்த மகரந்தச் சேர்க்கையால் உருவான கரு அது. ஈயும் தேனீயும் எந்த மரத்து மகரந்தத்தைக் கொண்டுவந்ததோ அதன் குணமும் அதில் சேர்ந்துவிடும். ஒரே கொட்டைக்குள் பல கரு இருக்கும் கேரளக் கரையோரத்து ஒலூர், சந்திரக்காரன் போன்ற ரகங்கள் மட்டும் இதற்கு விலக்கு. மற்ற எல்லா ரகத்துக்கும் ஒட்டுதான் வழி, அதாவது நல்ல மரத்துக் குச்சியை வேறொரு மாஞ்செடியின் தண்டில் பொருத்திக் கட்டுவது. கொட்டைச்செடி பூப்பதற்குப் பல ஆண்டுகள் காத்திருக்க வேண்டும். காய்க்கும் மரத்திலிருந்து குச்சி எடுத்துக் கட்டிய ஒட்டுக்கன்று மூன்று நான்கு ஆண்டில் பழம் தரும்.

ஒட்டுப் பிடிக்கவில்லை என்றால் கை பழகவில்லை என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். வெட்டும் கட்டும் வேலியோரத்துக் குச்சிகளில் ஒரு நாள் பழகினாலே வந்துவிடும். ஒட்டு பிழைக்குமா பட்டுப்போகுமா என்பது பெரும்பாலும் கத்தி எடுப்பதற்குப் பத்து நாள் முன்பே, குச்சியைத் தேர்ந்தெடுக்கும்போதே முடிவாகிவிடுகிறது. அதனால்தான் குச்சியைப் பற்றிய பகுதி இங்கே நீளமாக இருக்கிறது. அதை மட்டுமாவது தாண்டிப்போகாமல் படியுங்கள்.

எந்த முறை, எந்த மாதம்

மாவில் நடைமுறையில் நான்கு முறைகள் உண்டு. முளைத்து இரண்டு வாரம்கூட ஆகாத செடியில் கட்டுவது கொட்டை ஒட்டு. ஆறு மாதம் முதல் ஓராண்டு வரை வளர்ந்த செடியின் புதுத் தளிர்த்தண்டில் கட்டுவது இளந்தண்டு ஒட்டு. தொட்டிச் செடியைத் தாய் மரத்தின் கிளையோடு சேர்த்துக் கட்டி, பிடித்த பிறகு பிரிப்பது நெருக்கொட்டு. வளர்ந்த மரத்தை வெட்டி, துளிர்க்கும் கிளைகளில் வேறு ரகம் கட்டுவது மேலொட்டு.

வீட்டில் முதல்முறை செய்கிறவர்களுக்கு எங்கள் பரிந்துரை இளந்தண்டு ஒட்டு. செடிக்கு ஏற்கெனவே நல்ல வேர் இருக்கும், தண்டு கைக்கு அடங்கும், தவறினால் கீழே துளிர்க்கவிட்டு அதே செடியில் மறுபடி கட்டலாம். கொட்டை ஒட்டில் அந்த இரண்டாம் வாய்ப்பு இல்லை. ஆனால் ஒரே பருவத்தில் நிறையக் கன்று வேண்டுமானால் அதுதான் மலிவு, அதுதான் வேகம். கொங்கணத்து நாற்றங்கால்களில் அல்போன்சா கன்றுகளைப் பெருவாரியாக இப்படித்தான் உருவாக்குகிறார்கள்.

காலம் ஜூலை முதல் செப்டம்பர் வரை, அதாவது ஆனிக் கடைசியிலிருந்து புரட்டாசித் தொடக்கம் வரை. காற்றில் ஈரம் இருக்கும், வெயிலின் கடுமை தணிந்திருக்கும், மரம் அறுவடை முடிந்து தளிர்விட்டிருக்கும். சித்திரை வைகாசி வெயிலில் கட்டினால் குச்சி காய்ந்துவிடும். வடகிழக்குப் பருவமழை வலுத்த பிறகு கட்டினால் கட்டுக்குள் நீர் இறங்கி அழுகும். ஜூலையில் வறண்ட காற்று சுழன்றடிக்கும் ஊர் என்றால், முதல் மழை விழுந்து காற்று அடங்கிய பிறகு தொடங்குங்கள்.

வேர்ச்செடி

குச்சியைத் தாங்கி, கீழே வேராக நிற்கும் செடிதான் வேர்ச்செடி. அதற்கு நாட்டு மாங்கொட்டையே போதும். நன்கு பழுத்த பழத்துக் கொட்டையாக இருக்க வேண்டும். மாங்கொட்டையைக் காயவைத்துச் சேமிக்க முடியாது. நான்கைந்து வாரத்தில் முளைப்புத்திறன் போய்விடும். சாப்பிட்ட ஒரு வாரத்துக்குள் ஊன்றிவிடுவது நல்லது.

கொட்டையைக் கழுவி, இரண்டு நாள் நிழலில் உலர்த்தி, ஓரத்தைக் கத்தரியால் நறுக்கி, ஓட்டைப் பிளந்து பருப்பை மட்டும் எடுங்கள். இதற்கு இரண்டு பலன். ஓடு இல்லாத பருப்பு இரண்டு வாரத்துக்குள் சீராக முளைக்கும். கூன்வண்டு தின்ற பருப்பையும் அப்போதே கண்டு ஒதுக்கிவிடலாம். நீலம், பெங்களூரா கொட்டைகளில் இந்த வண்டு அதிகம். பருப்பில் கறுத்த குழியும் தூளும் இருந்தால் அதுதான்.

பருப்பு ஒரு பக்கம் வளைந்து புடைத்திருக்கும், மறுபக்கம் சற்றுக் குழிந்திருக்கும். புடைத்த பக்கம் மேலே இருக்குமாறு வைத்து, மேல்விளிம்பு மண்ணோடு மண்ணாகத் தெரியும் ஆழத்தில் ஊன்றுங்கள். தலைகீழாக வைத்தால் தண்டு சுற்றிக்கொண்டு வளைந்து வரும். வளைந்த தண்டில் ஒட்டு சரியாக உட்காராது, பிற்பாடு வேரும் கோணலாகவே போகும். வளைந்த நாற்றுகளைத் தயங்காமல் பிடுங்கிவிடுங்கள்.

பைக் கலவை: செம்மண் இரண்டு பங்கு, மணல் ஒரு பங்கு, நன்கு மக்கிய தொழு உரம் ஒரு பங்கு. மக்காத சாணம் கலந்தால் சூட்டில் வேர் கருகும். இளந்தண்டு ஒட்டுக்கு 25 செ.மீ. உயரம், 15 செ.மீ. அகலம் உள்ள பை போதும். அடியிலும் பக்கத்திலும் துளைகள் இருக்க வேண்டும். கொட்டை ஒட்டுக்கு என்றால் முதலில் மணலும் தொழு உரமும் கலந்த மேட்டுப்பாத்தியில் நெருக்கமாக ஊன்றி, ஒட்டுக்கட்டிய பிறகு பைக்கு மாற்றலாம்.

ஒட்டுக்குச்சி

முதலில் மரம். குறைந்தது நான்கைந்து பருவமாகக் காய்த்து, அதன் பழம் என்ன என்று உங்களுக்கே தெரிந்த மரத்திலிருந்து மட்டும் குச்சி எடுங்கள். இன்னும் காய்க்காத இளமரத்துக் குச்சி உயிரோடு ஒட்டிக்கொள்ளும், ஆனால் பூக்கத் தாமதிக்கும். பூங்கொத்து திரண்டு உருக்குலைந்து நிற்கும் மரம், கிளைகள் நுனியிலிருந்து காய்ந்துவரும் மரம் இரண்டையும் தொடவே வேண்டாம். நோயும் குச்சியோடு வந்துவிடும்.

அடுத்து கிளை. மரத்தின் வெளிப்புறத்தில், வெயில் படும் நுனிக்கிளைகளைப் பாருங்கள். உள்ளே நிழலில் மெலிந்து நீண்ட குச்சியில் உணவுச்சத்து இருக்காது. அடிமரத்திலிருந்து நேராகச் சீறி எழும் நீர்க்குச்சியும் ஆகாது.

வயது மூன்று நான்கு மாதம். இதைக் கையால் அறியலாம். இலைகள் முற்றிக் கரும்பச்சை ஆகியிருக்கும். தண்டு உருண்டையாக, பச்சையிலிருந்து லேசான சாம்பல்பச்சைக்கு மாறும் கட்டத்தில் இருக்கும். வளைத்தால் வளையும், ஆனால் துவளாது. முக்கோணமாகத் தட்டையாகத் தெரிந்தால் இன்னும் பிஞ்சு. பட்டை பழுப்பேறி வெடித்திருந்தால் முற்றல். தடிமன் பென்சில் அளவு, நீளம் 10 முதல் 15 செ.மீ. சென்ற பருவத்தில் பூத்த நுனியாக இருக்கக் கூடாது. பூங்காம்பு உதிர்ந்த தழும்பு நுனியில் தெரியும்.

இப்போது முக்கியமான வேலை. தேர்ந்தெடுத்த குச்சியை உடனே வெட்ட வேண்டாம். மரத்தில் இருக்கும்போதே அதன் இலைகளை நறுக்கிவிடுங்கள். இலைக்காம்பில் ஒரு செ.மீ. மட்டும் நிற்கட்டும். ஏழு முதல் பத்து நாள் அப்படியே விடுங்கள். இலையை இழந்த கிளை அடுத்த துளிருக்குத் தயாராகும், சத்து நுனிமொட்டுக்கு ஏறும். பத்தாம் நாள் போய்ப் பார்த்தால் காம்பு மஞ்சளாகி, விரல் பட்டாலே உதிரும். நுனிமொட்டு பருத்து, செதில்கள் சற்றே விலகி நிற்கும். வெட்ட வேண்டிய நாள் அதுதான். மொட்டு பிளந்து பச்சை தெரிந்துவிட்டால் அந்தக் குச்சியை விட்டுவிடுங்கள். வேரோடு தொடர்பு ஏற்படும் முன்பே அது இலை விரித்து, தன்னிடமுள்ள நீரையெல்லாம் இழந்துவிடும். இலை நறுக்காமல், அன்றே வெட்டி அன்றே கட்டிய குச்சி பல நாள் பச்சையாகவே நின்று, மொட்டு விழிக்காமல் கடைசியில் காய்ந்துபோகும். வீட்டில் கட்டும் ஒட்டுகள் தவறுவதற்கு இதைவிடப் பெரிய காரணம் இல்லை.

வெட்டுவது காலை வெயில் ஏறுவதற்கு முன். வெட்டியதும் ஈரத்துணியில் சுற்றி, பாலிதீன் பையில் போட்டு நிழலில் வையுங்கள். தண்ணீரில் மூழ்க வைக்க வேண்டாம். அன்றே கட்டுவது சிறப்பு. வெளியூரிலிருந்து கொண்டுவருவதானால் ஈரச்செய்தித்தாளில் சுற்றி மூன்று நாள் வரை தாங்கும். கட்டும் முன் லிட்டருக்கு ஒரு கிராம் கார்பன்டசிம் (பூஞ்சைக்கொல்லி) கலந்த நீரில் சில நிமிடம் நனைத்து, நிழலில் ஈரம் உலர்த்திக்கொள்ளலாம்.

கருவிகள்

ஒருபக்கம் மட்டும் சாணை பிடித்த ஒட்டுக்கத்தி, கிளை கத்தரிக்கும் கத்தரி, பாலிதீன் நாடா, உறை, ஸ்பிரிட் நனைத்த பஞ்சு. ஒட்டுக்கத்தி இல்லையென்றால் ஒடித்து ஒடித்துப் பயன்படுத்தும் பேப்பர் கட்டரின் புது பிளேடு போதும். கத்தி கூர் மழுங்கியிருந்தால் வெட்டாது, நசுக்கும். நசுங்கிய திசு ஒட்டாது. ஒவ்வொரு செடிக்குப் பிறகும் பிளேடைத் துடையுங்கள். மாம்பால் படிந்து பிசுபிசுப்பதால் இரண்டாவது வெட்டே சொரசொரப்பாகிவிடும்.

நாடா 2 செ.மீ. அகலம், 30 செ.மீ. நீளம், இழுத்தால் சற்று நீளும் மெல்லிய பாலிதீன். உறைக்கு நாற்றங்கால்காரர்கள் பாக்கெட் ஐஸ் போடுகிற நீளமான, குறுகிய பாலிதீன் உறையைத்தான் பயன்படுத்துகிறார்கள். அதற்கு மேல் ஒன்றும் தேவையில்லை.

இளந்தண்டு ஒட்டு கட்டும் முறை

வேர்ச்செடி புதுத் தளிர்விட்டு, அந்தத் தளிரின் இலைகள் செம்பு நிறத்திலிருந்து இளம்பச்சைக்கு மாறும் சமயம் பாருங்கள். அப்போது தளிர்த்தண்டு மென்மையாக இருக்கும், ஆனால் நீர்த்து ஒடியாது. அதில்தான் புதுத்திசு வேகமாக வளரும். தண்டு முற்றிய செடியானால் ஒரு மாதம் முன்பு தலையைக் கிள்ளிவிட்டுப் புதுத் தளிரை வரவழைத்துக்கொள்ளலாம். கட்டுவதற்கு முந்தின நாள் செடிக்குத் தண்ணீர் கொடுங்கள். அன்று காலை கொடுத்தால் வெட்டில் பால் மிகுதியாகக் கசியும்.

1. வேர்ச்செடியில் மண்ணிலிருந்து 15 முதல் 20 செ.மீ. உயரத்தில், தளிர்த்தண்டின் மேல் விழுமாறு தலையைக் குறுக்காக ஒரே வெட்டில் நீக்குங்கள். வெட்டுக்குக் கீழே நான்கைந்து இலை நிற்கட்டும். செடிக்கு அந்த இலைகள்தான் சோறு போடும்.

2. கசியும் பாலை உலர்ந்த துணியால் ஒற்றி எடுங்கள். தண்டின் நடுவில் செங்குத்தாக 3 முதல் 4 செ.மீ. பிளவு போடுங்கள். கத்தியை அழுத்தாமல் மெல்ல அசைத்து இறக்கினால் பிளவு ஒருபக்கம் ஓடாது.

3. ஒட்டுக்குச்சியின் அடியில் இரண்டு பக்கமும் சரிவாகச் சீவி ஆப்பாக்குங்கள். சரிவின் நீளம் பிளவின் நீளத்துக்குச் சமம். ஒவ்வொரு பக்கத்தையும் ஒரே இழுப்பில் சீவ வேண்டும். திரும்பத் திரும்பச் சீவினால் மேடுபள்ளம் விழும். சீவிய முகத்தை வெளிச்சத்தில் பிடித்து, கத்தியின் தட்டைப் பக்கத்தை அதன்மேல் வைத்துப் பாருங்கள். இடையில் ஒளி தெரிந்தால் இன்னொரு முறை, இம்முறை சரியாக. சீவிய முகத்தில் விரல் படக் கூடாது.

4. ஆப்பைப் பிளவில் செருகுங்கள். பட்டைக்கும் உள்கட்டைக்கும் இடையில் பளபளப்பான பச்சைப் படலம் ஒன்று தெரியும். ஒட்டுவது அந்தப் படலம் மட்டுமே. உள்ளே இருக்கும் கட்டை எவ்வளவு நெருங்கியிருந்தாலும் ஒட்டாது. இரண்டின் தடிமனும் சமமானால் இருபக்கமும் படலத்தோடு படலம் சேரும். குச்சி சிறுத்திருந்தால் நடுவில் வைக்காதீர்கள். ஒரு ஓரமாகத் தள்ளி, அந்த ஒரு பக்கமாவது முழு நீளத்துக்குச் சேரும்படி வையுங்கள்.

5. நாடாவைப் பிளவுக்கு ஒரு செ.மீ. கீழே தொடங்கி, இழுத்து இழுத்து மேலேறுங்கள். ஒவ்வொரு சுற்றும் முந்தின சுற்றின் பாதியை மூட வேண்டும். கீழிருந்து மேலே சுற்றுவதற்குக் காரணம் இருக்கிறது. ஓடு வேய்வது போல மேற்சுற்று கீழ்ச்சுற்றின் மீது படிந்து, வழியும் நீர் உள்ளே இறங்காது. பிளவின் மேல்வாயையும் மூடி, கடைசிச் சுற்றுக்குள் நாடாவின் நுனியைச் செருகி இறுக்குங்கள். கட்டியபின் குச்சியை லேசாக ஆட்டினால் அசையக் கூடாது.

6. பாலிதீன் உறையைக் குச்சியின்மேல் கவிழ்த்து, கட்டுக்குக் கீழே நூலால் முடியுங்கள். உறையின் நுனிக்கும் மொட்டுக்கும் இடையே இரண்டு மூன்று செ.மீ. இடம் விடுங்கள். மொட்டு உறையில் இடித்தால் அழுகும்.

வெட்டியதிலிருந்து கட்டி முடிப்பது வரை இரண்டு மூன்று நிமிடத்துக்குமேல் ஆகாமல் பாருங்கள். வெட்டுமுகம் காற்றுப்பட்டுப் பழுப்பேறிவிட்டால் அதை ஒட்ட வைக்காமல் புதிதாக வெட்டுங்கள்.

கொட்டை ஒட்டில் என்ன மாறும்

வெட்டும் கட்டும் இதேதான். மாறுவது செடியின் பருவம். முளைத்து எட்டு முதல் பதினைந்து நாள், இலைகள் இன்னும் செம்பு நிறத்தில் மினுங்கும்போது கட்ட வேண்டும். இலை பச்சையாகிவிட்டால் தண்டு இறுகத் தொடங்கிவிட்டது. நாற்றைக் கொட்டையோடு சேர்த்துப் பெயர்த்தெடுங்கள். கொட்டைதான் அந்த வயதில் செடியின் உணவுக்கிடங்கு. அது ஒடிந்து விழுந்த நாற்றில் ஒட்டுக்கட்டுவது வீண். வேரைக் கழுவி, கொட்டைக்கு மேல் 5 முதல் 7 செ.மீ. உயரத்தில் தலையை நீக்கி, பிளந்து, கட்டி, உடனே பையில் நடுங்கள். கொட்டை மண்ணுக்குள் முழுவதும் புதையாமல், தொட்டாற்போல் இருக்கட்டும். பூஞ்சை அழுகல்தான் இதில் பெரும் எதிரி. அதனால் பைமண் ஈரம் கைக்குத் தெரிய வேண்டும், பிழிந்தால் நீர் வரக் கூடாது.

கட்டிய பிறகு

ஐம்பது சதவீத நிழல்வலைக்கு அடியில், அல்லது அடர்ந்த மரநிழலில் வையுங்கள். காற்று மோதாத மூலையாக இருக்கட்டும். தண்ணீரை மண்ணுக்கு மட்டும் ஊற்றுங்கள்.

பதினைந்து முதல் இருபது நாளில் மொட்டு விரியும். துளிர் 2 செ.மீ. ஆனதும் ஒரு மாலை நேரத்தில் உறையைக் கழற்றுங்கள். நண்பகலில் கழற்றினால் ஈரக்காற்றில் பழகிய துளிர் ஒரு மணி நேரத்தில் சுருண்டுவிடும். உள்ளே வியர்த்திருப்பதைப் பார்த்துவிட்டு நடுவில் திறந்து காற்றாட விடுகிறவர்கள் உண்டு. வேண்டாம். அந்த ஈரம்தான் குச்சியைக் காக்கிறது.

முதல் துளிரைக் கண்டு ஒட்டுப் பிடித்துவிட்டது என்று முடிவுகட்ட முடியாது. குச்சி தன்னிடமிருந்த சத்தைக்கொண்டே ஒரு சுற்று இலை விடும். வேர்ச்செடியோடு நாளங்கள் இணையாவிட்டால் அந்த இலைகள் நான்காவது வாரத்தில் துவண்டு காயும். இரண்டாவது தளிர் வந்தால்தான் ஒட்டு உறுதி.

கட்டுக்குக் கீழே வேர்ச்செடியில் முளைக்கும் துளிர்களை வாரம் ஒருமுறை விரலால் கிள்ளுங்கள். இதில் ஒரு மாதம் அசட்டையாக இருந்தால் சத்தெல்லாம் அங்கே போய், மேலே இருக்கும் ஒட்டு தானாகவே பட்டுவிடும். பழைய இலைகளைக் கிள்ள வேண்டாம். மேலே இரண்டு அடுக்கு இலை முற்றிய பிறகு அவற்றையும் நீக்கலாம்.

நாடாவை இரண்டு முதல் மூன்று மாதத்தில் அவிழ்க்க வேண்டும். சுற்றிச் சுற்றி அவிழ்க்காமல், இணைப்பின் முதுகுப்பக்கத்தில் பிளேடால் நெடுக்காக ஒரு கீறல் போட்டால் தானே விட்டுவிடும். அவிழ்க்க மறந்த நாடா தண்டை நெரித்து, அதற்கு மேலே தண்டு வீங்கும். அப்படிப்பட்ட கன்று நட்ட இரண்டாம் ஆண்டு ஒரு பலத்த காற்றில் அந்த இடத்திலேயே முறியும்.

இளம் இலைகள் ஒருநாள் காலை நேர்கோட்டில் வெட்டுண்டு, காம்போரத் துண்டு மட்டும் செடியில் நிற்க, மீதி தரையில் கிடந்தால் யாரும் விளையாட்டாகக் கத்தரித்ததாக எண்ண வேண்டாம். அது இலை வெட்டும் கூன்வண்டு. இலையில் முட்டையிட்டு, பிறகு அந்த இலையை அறுத்துத் தரையில் விழச்செய்யும். விழுந்த துண்டுகளைப் பொறுக்கி எரித்தால் அடுத்த தலைமுறையே நின்றுவிடும். இலையில் கரும்புள்ளி பரவினால் காப்பர் ஆக்சிகுளோரைடு லிட்டருக்கு 2.5 கிராம் தெளியுங்கள்.

பட்டுப்போன ஒட்டைத் தூக்கி எறியுமுன்

கட்டைப் பிரித்துப் பாருங்கள். அடுத்த முறைக்கான பாடம் முழுக்க அங்கேதான் இருக்கிறது.

குச்சி நுனியிலிருந்து கீழ்நோக்கிக் காய்ந்திருந்தால் நீர் போதாமல் போயிருக்கிறது. குச்சி பிஞ்சு, அல்லது உறை சரியாக முடியவில்லை, அல்லது வெயில் பட்டிருக்கிறது. அடியிலிருந்து மேல்நோக்கிக் கறுத்திருந்தால் பூஞ்சை. நாடா வழியாக நீர் இறங்கியிருக்கும், அல்லது கத்தி அழுக்கு. வெட்டுமுகம் இரண்டும் சுத்தமாக, வெண்திசு எதுவும் வளராமல் பிரிந்து வந்தால் படலத்தோடு படலம் சேரவில்லை. ஒரு பக்கம் மட்டும் வெண்திசு படர்ந்து மறுபக்கம் வெறுமையாக இருந்தால் சீவல் கோணல். நாற்பது நாள் ஆகியும் குச்சி பச்சையாக, மொட்டு தூங்கிக்கொண்டிருந்தால் பிரிக்க வேண்டாம். இலை நறுக்காத குச்சி இப்படித்தான் நிற்கும். சில துளிர்க்கவும் செய்யும்.

வேர்ச்செடி உயிரோடு இருந்தால் வெட்டுக்குக் கீழே துளிர்க்கும். நேரான ஒரு துளிரை மட்டும் விட்டு, அது செம்பு நிறம் மாறும்போது மறுபடி கட்டுங்கள்.

நெருக்கொட்டு

நாற்றங்கால்களில் இது குறைந்துவிட்டது. ஒவ்வொரு செடியையும் தாய் மரத்தடிக்குத் தூக்கிப் போக வேண்டும், சாரம் கட்ட வேண்டும், தினம் ஏறித் தண்ணீர் ஊற்ற வேண்டும். ஆனால் உங்கள் தெருவில் பெயர் தெரியாத ஒரே ஒரு பழைய மரம் இருக்கிறது, அதைக் காப்பாற்றியே ஆக வேண்டும் என்றால் இதைவிட நம்பகமான வழி கிடையாது. குச்சி கடைசி வரை தாய் மரத்திலேயே இருப்பதால் காயவே காயாது.

ஓராண்டுத் தொட்டிச் செடியைத் தாழ்ந்த கிளையருகே நிலையாக அமைத்து, இரண்டின் தண்டிலும் ஒரே உயரத்தில் 5 செ.மீ. நீளத்துக்குப் பட்டையோடு கட்டையின் மெல்லிய சீவலையும் எடுத்து, முகத்தோடு முகம் பொருத்தி இறுக்கிக் கட்டுங்கள். தொட்டி ஈரம் ஒரு நாளும் காயக் கூடாது. இரண்டு மாதத்தில் கட்டுக்குக் கீழே தாய்க்கிளையைப் பாதி அளவுக்கு வெட்டுங்கள். கட்டுக்கு மேலே வேர்ச்செடியின் தலையையும் அதேபோலப் பாதி வெட்டுங்கள். அதற்குப் பின் இரண்டு மூன்று வாரத்தில் இலை வாடாமல் இருந்தால் முழுவதும் பிரிக்கலாம். பிரித்த கன்று ஒரு மாதம் நிழலில் தேறட்டும்.

மேலொட்டு: பழைய மரத்தில் ரகம் மாற்றுதல்

கொல்லையில் புளித்த நாட்டு மாமரம் ஒன்று இடத்தை அடைத்துக்கொண்டு நிற்கிறதா? வேரோடு பிடுங்க வேண்டாம். அதன் வேர்தான் உங்களுக்குக் கிடைத்திருக்கும் பெருஞ்செல்வம். புதுக்கன்று ஆண்டுக்கணக்கில் வளர்க்க வேண்டியதை அது ஏற்கெனவே வளர்த்து வைத்திருக்கிறது.

ஜனவரி, பிப்ரவரியில் கிளைகளைக் கவட்டிலிருந்து 60 முதல் 90 செ.மீ. விட்டு அறுங்கள். முதலில் அடியிலிருந்து மூன்றில் ஒரு பங்கு அறுத்துவிட்டுப் பிறகு மேலிருந்து அறுத்தால் கிளை விழும்போது பட்டையை உரித்துக்கொண்டு போகாது. அறுப்பு சற்றுச் சாய்வாக இருந்தால் நீர் தேங்காது. எல்லாக் கிளைகளையும் ஒரே நாளில் அறுக்காதீர்கள். இலையுள்ள ஒரு பெரிய கிளையாவது நிற்க வேண்டும், இல்லையென்றால் வேர் பட்டினி கிடக்கும். அந்தக் கிளையை அடுத்த ஆண்டு மாற்றிக்கொள்ளலாம்.

அறுத்த முகத்தில் போர்டோ பசை தடவுங்கள். 100 கிராம் மயில்துத்தத்தை அரை லிட்டர் நீரிலும், 100 கிராம் சுட்ட சுண்ணாம்பை அரை லிட்டர் நீரிலும் தனித்தனியே மண் அல்லது பிளாஸ்டிக் பாத்திரத்தில் கரைத்து, மயில்துத்தக் கரைசலைச் சுண்ணாம்பில் ஊற்றிக் கலக்குங்கள். துருவில்லாத இரும்புக் கத்தியை அதில் ஒரு நிமிடம் நனைத்துப் பாருங்கள். செம்பு நிறம் படிந்தால் இன்னும் சுண்ணாம்பு தேவை. கோடை வெயில் நேராக விழும் அடிமரத்துக்குச் சுண்ணாம்பு அடித்துவிடுங்கள், பட்டை வெடிக்காது.

ஒன்றரை மாதத்தில் அறுத்த இடங்களைச் சுற்றிக் கொத்துக் கொத்தாகத் துளிர்க்கும். ஒரு கிளைக்கு வெவ்வேறு திசையில் மூன்று நான்கு துளிரை மட்டும் விட்டு மற்றதைக் கழியுங்கள். ஜூலை, ஆகஸ்டில் அவை விரல் தடிமன் ஆகிப் புதுத்தளிர் விடும்போது, மேலே சொன்ன இளந்தண்டு ஒட்டை அப்படியே கட்டலாம். கட்டியவற்றில் பாதி பிடித்தாலும் மரம் நிறைந்துவிடும். வெட்டுண்ட மரத்தைத் தண்டு துளைப்பான் தேடி வரும். அடிமரத்தில் மரத்தூள் கொட்டியிருக்கிறதா என்று வாரந்தோறும் பாருங்கள். துளை தெரிந்தால் கம்பியை விட்டுப் புழுவைக் குத்தி எடுத்து, களிமண்ணால் அடையுங்கள்.

ஒரே மரத்தில் நான்கு ரகம் கட்ட ஆசைப்படுகிறவர்கள் அதிகம். தாராளமாகச் செய்யலாம், மகரந்தச் சேர்க்கைக்கும் நல்லது. ஆனால் மல்கோவா போல ஓங்கி வளரும் ரகத்தையும் நீலம் போல அடக்கமாக வளரும் ரகத்தையும் சேர்த்தால் சில ஆண்டில் முன்னது பின்னதை அமுக்கிவிடும். ஓங்கும் கிளையை ஆண்டுதோறும் அறுவடைக்குப் பின் கவாத்து செய்ய நீங்கள் தயாரா என்று முதலிலேயே யோசித்துக்கொள்ளுங்கள். எந்தக் கிளையில் எந்த ரகம் என்று அலுமினியத் தகட்டில் கீறி, தொய்வாகக் கட்டித் தொங்கவிடுங்கள்.

நடவு

ஒட்டுக்கன்று இரண்டு மூன்று தளிர் விட்டு 45 செ.மீ. உயரம் ஆனதும் நிழலைப் படிப்படியாகக் குறைத்து, வெயிலுக்குப் பழக்கிய பிறகு நடலாம். நீளம், அகலம், ஆழம் மூன்றும் ஒரு மீட்டர் உள்ள குழி தோண்டி, இரண்டு வாரம் ஆறவிட்டு, மேல்மண்ணும் பத்து கிலோ மக்கிய தொழு உரமும் கலந்து நிரப்புங்கள். பையைக் கிழித்து, மண்கட்டி உடையாமல் இறக்குங்கள். ஒட்டு இணைப்பு எப்போதும் தரைக்கு மேலே தெரிய வேண்டும், இளந்தண்டு ஒட்டில் குறைந்தது 15 செ.மீ. மேலே. நடும்போது சரியாக இருந்தாலும், பாத்தி கட்டும்போதும் மண் அணைக்கும்போதும் இணைப்பு மூடிப்போவது வழக்கம். மூடினால் அந்த இடம் அழுகும். ஒவ்வொரு முறை கொத்தும்போதும் இதைக் கவனியுங்கள்.

இடம் குறைந்த வீட்டுக்கு நீலம், நீலத்திலிருந்து தேர்ந்தெடுத்த குட்டை ரகமான பையூர் 1, சின்னசுவர்ணரேகாவையும் நீலத்தையும் கலந்து உருவாக்கிய பெரியகுளம் 1 போன்றவை பொருத்தம். ஆண்டுதோறும் காய்க்கும். இமாம் பசந்த்துக்குச் சுவையில் ஈடில்லை, ஆனால் காய்ப்பு குறைவு, இடமும் நிறைய வேண்டும். வெளியில் கன்று வாங்குவதானால், மா நாற்றங்கால்களுக்குப் பெயர்பெற்ற கிருஷ்ணகிரி மாவட்டத்துச் சந்தூராக இருந்தாலும் உங்கள் ஊர் நர்சரியாக இருந்தாலும், முதலில் இணைப்பைத் தடவிப் பாருங்கள். வழுவழுப்பாக, பிளவு தெரியாமல், மேலும் கீழும் ஒரே தடிமனாக இருக்க வேண்டும். இணைப்பே தென்படாத கன்று கொட்டைச்செடியாக இருக்கலாம்.

நட்ட அடுத்த ஆண்டே பூங்கொத்து எட்டிப்பார்க்கும். குச்சி முதிர்ந்த மரத்திலிருந்து வந்ததால் அதற்குப் பூக்கும் வயது ஏற்கெனவே வந்துவிட்டது, வேருக்குத்தான் வரவில்லை. முதல் மூன்று ஆண்டுப் பூவையும் கிள்ளிவிடுங்கள். பூங்காம்பை மட்டும் கிள்ளினால் போதும், அதன் அடியிலுள்ள இலைக்கணுவைத் தொட வேண்டாம். அடுத்த கிளை அங்கிருந்துதான் வரும்.